கிம்ஹே ராணி எங்களுக்கு என்ன முறை

2003 கடைசியில் ஒரு சனிக்கிழமை காலை, எங்கள் ஊர்த் தமிழ்ச் சங்கத் தலைவர் என்னைத் தொலைபேசியில் அழைத்தார். டெக்சாஸில் ரிச்சர்ட்சன் என்ற ஊரில் நாங்கள் குடியேறி மூன்று வருடம் ஆகியிருந்தது. அந்த மூன்று வருடத்தில் அவர் என்னோடு பேசியது அதுவே முதல் தடவை.

"சிஸ்டர், உங்க ஆபீஸ்ல ஒரு கொரியன் இருக்காராமே? கிம்ஹேன்னு ஒரு ஊர், அந்த ஊர்க்காரராமே?"

"ஆமா."

"இதை ஏன் எங்ககிட்ட முன்னாடியே சொல்லல?"

அலுவலகத்தில் யார் எந்த ஊர்க்காரர் என்று சங்கத்துக்கு அறிக்கை அனுப்ப வேண்டும் என்பது எனக்குத் தெரிந்திருக்கவில்லை. என் கணவரும் தலைவரும் ஒரே கட்டடத்தில் வேலை பார்த்தார்கள். லிஃப்டில் ஏதோ பேச்சுவாக்கில் என் கணவர்தான் உளறியிருக்கிறார்.

இந்தச் சங்கத்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். எங்கள் பகுதியில் ஏற்கெனவே ஒரு பெரிய சங்கம் இருந்தது. அதில் தலைவராக முடியாதவர்கள் ஒன்றுகூடி, தமிழ் அழிந்துவிடும் என்று பயந்து ஆரம்பித்தது இது. அறுபது குடும்பம். செயற்குழுவில் பதினொரு பேர், பதினொரு பேருக்கும் பதவி. வருடத்தில் இரண்டு விழா, இரண்டிலும் சினிமாப் பாட்டுக்குக் குழந்தைகள் நடனம், பிறகு தயிர் சாதம்.

முதல் வருடப் பொங்கலுக்கு நானும் மச்சானும் போயிருந்தோம். மச்சான் என்றால் என் கணவர்தான். தாய்மாமன் மகன், சின்ன வயதிலிருந்தே அப்படிக் கூப்பிட்டுப் பழகிவிட்டது. வாசலில் மேஜை போட்டு உட்கார்ந்திருந்த செயலாளரின் மனைவி, என் தலையில் கிடந்த முக்காட்டைப் பார்த்துவிட்டு ரொம்பப் பிரியமாகக் கேட்டார்:

"நீங்க தமிழா, முஸ்லிமா?"

"ரெண்டும்தான்."

"இல்ல, வீட்டுல என்ன லாங்வேஜ் பேசுவீங்க? உருதுவா?"

"தமிழ்தாங்க. எங்களுக்குக் கீழக்கரை."

"ஓ! ஆனா ரொம்ப நல்லா தமிழ் பேசறீங்களே!"

எங்கள் வம்சத்திலேயே உருது தெரிந்த ஒரே ஆள், இந்திப் படம் பார்த்துப் பார்த்துக் கெட்டுப்போன என் தம்பி. அதைச் சொல்லி என்ன ஆகப்போகிறது என்று உள்ளே போய் உட்கார்ந்தேன். அடுத்த வருடம் போகவில்லை. அந்த வருடங்களில் விமான நிலையத்தில் எங்களை ஓரமாக நிற்கவைத்து விசாரிப்பார்கள்; அது அவர்கள் வேலை. பொங்கல் விழாவிலும் யாராவது ஓரமாக நிற்கவைத்து விசாரிக்க வேண்டுமா?

அந்தத் தலைவர்தான் இப்போது "சிஸ்டர், சிஸ்டர்" என்று உருகினார். மறுநாள் செயற்குழு அவர் வீட்டில் கூடுகிறது, கட்டாயம் வரவேண்டும் என்றார். நானும் போனேன். ஏன் போனேன் என்று இப்போது என்னை நானே கேட்டுக்கொண்டால் வெட்கமாக இருக்கிறது. கூப்பிட்டார்கள், போனேன். அவ்வளவுதான் காரணம்.

அவர் வீட்டு ஹாலில் ப்ரொஜெக்டர் தயாராக இருந்தது. சுவரில் ஒரு புல்மேடு தெரிந்தது. வட்டமான, வழவழப்பான பச்சை மேடு. சுற்றிலும் தாழ்வான கல்சுவர். பக்கத்தில் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய பழைய சிவந்த கற்கள்.

"இது கொரியாவுல கிம்ஹேல இருக்கிற ராணியோட சமாதி," என்று தலைவர் ஆரம்பித்தார். "ரெண்டாயிரம் வருஷம் முன்னாடி, அயுதாங்கிற நாட்டுலேர்ந்து ஒரு பிரின்சஸ், பதினாறு வயசு, கப்பல்ல போயி அந்த ஊர் ராஜாவக் கல்யாணம் பண்ணிக்கிட்டாங்க. அவங்களோட பழைய புக்லயே இருக்கு. இந்தக் கல்லெல்லாம் கப்பல் ஆடாம இருக்க ராணி கொண்டுபோனது. கொரியாவுல இந்த மாதிரிக் கல்லே கிடையாது. வடநாட்டுக்காரங்க என்ன சொல்றாங்க? அயுதான்னா அயோத்தியாம்!"

செயற்குழு முழுவதும் சிரித்தது.

அடுத்த படத்தில் ஒரு மரவாசல். வாசலுக்கு மேலே இரண்டு மீன்கள் எதிரெதிராகப் பார்த்தபடி வரையப்பட்டிருந்தன. தலைவர் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"இது ராஜாவோட சமாதி வாசல். ரெட்டை மீன். இது யார் கொடி?"

"பாண்டியன்!" என்று பொருளாளர் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி கத்தினார்.

தீர்ந்தது. கொரிய ராணி தமிழச்சி ஆகிவிட்டாள். இரண்டாயிரம் வருடத்து வழக்கு, வடையும் காப்பியும் முடிவதற்குள் தீர்ப்பாகிவிட்டது. தலைவருக்கு ஈரோடு. முதல்முறை கடலைப் பார்த்தது மெரினாவில், காலேஜ் டூரில் என்று அவரே சொல்லியிருக்கிறார். பாண்டிய நாட்டுக் கடற்கரையில் பிறந்து வளர்ந்தவள் அந்த ஹாலில் நான் ஒருத்திதான். அப்படி ஒரு கப்பல் கிளம்பியிருந்தால் எங்கள் பக்கத்திலிருந்துதான் கிளம்பியிருக்க வேண்டும். அதைப் பற்றி என்னிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. "நீங்க வெஜ் சாப்பிடுவீங்கல்ல?" என்று மட்டும் தலைவரின் மனைவி கேட்டார்.

பிறகு ஆளுக்கொரு தாள் கொடுத்தார்கள். தமிழும் கொரியமும் ஒன்றாக ஒலிக்கும் சொற்களின் பட்டியல். நாள், புல், நீ, நான். எல்லாவற்றுக்கும் மேலே பெரிய எழுத்தில்: அம்மா, அப்பா.

எங்கள் வீட்டில் அம்மாவை உம்மா என்போம், அப்பாவை வாப்பா என்போம். அந்தக் கணக்கில் பார்த்தால் கொரியர்கள் என்னைவிட அசல் தமிழர்கள்.

சங்கம் கேட்டது இதுதான்: வரும் பொங்கல் விழாவுக்கு அந்தக் கொரியரை நான் சிறப்பு விருந்தினராக அழைத்து வரவேண்டும். அவர் மேடையில் நின்று, எங்கள் ராணி தமிழகத்திலிருந்து வந்தவள் என்று நாலு வார்த்தை சொல்ல வேண்டும்.

அந்தக் கொரியரும் நானும் நண்பர்களானதற்குக் காரணம் மைக்ரோவேவ். நாங்கள் வேலை பார்த்தது தொலைத்தொடர்புக் கருவிகள் செய்யும் கம்பெனி. நான் மென்பொருள் சோதிப்பவள், அவர் கீழே லேபில் கருவிகளைச் சோதிப்பவர், ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்தார். நான் ஒருநாள் மதியச் சாப்பாட்டுக்குக் கருவாட்டுக் குழம்பு கொண்டுபோனேன். சாயங்காலமே மாடி முழுவதற்கும் ஒரு ஈமெயில் வந்தது: பொதுச் சமையலறையில் கடுமையான வாசனையுள்ள உணவுகளைச் சூடாக்க வேண்டாம். யார் பெயரும் இல்லை, எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். லேபில் ஒரு பழைய மைக்ரோவேவ் இருக்கிறது என்று அறிந்து மறுநாள் கீழே போனால், அங்கே ஒருவர் கிம்ச்சியை, கொரியர்களின் புளித்த முட்டைக்கோஸ் ஊறுகாயை, சூடாக்கிக்கொண்டிருந்தார். அவருக்கு அந்த ஈமெயில் போன வருடமே வந்துவிட்டதாம்.

அன்றிலிருந்து சேர்ந்து சாப்பிட்டோம். அவருடைய ஆங்கிலம் சுருக்கமானது, நேரானது. ஒருநாள் என் கணவர் என் மாமாவின் மகன் என்று சொன்னபோது அவர் கையிலிருந்த குச்சிகளைக் கீழே வைத்துவிட்டார்.

"உன் அம்மாவின் சொந்த அண்ணன் மகனா?"

"ஆமாம்."

"உன் அப்பா உன்னை அடிக்கவில்லையா?"

"அவர்தான் பேசி முடித்தார். எங்கள் ஊரில் மாமன் மகனுக்குத்தான் முதல் உரிமை."

அவர் குச்சிகளை மறுபடி கையில் எடுத்தார். பிறகு, "நான் உங்கள் ஊரில் பிறந்திருக்க வேண்டும்," என்றார். அதற்கு என்ன அர்த்தம் என்று நான் கேட்டுக்கொள்ளவில்லை. தன் ஊர் கிம்ஹே, வீட்டுக்கு அருகிலேயே ஒரு ராணியின் சமாதி இருக்கிறது, தன் மனைவிக்கும் அதே ஊர்தான் என்பது மட்டும் அவர் சொல்லித் தெரியும். மனைவி ஒரு சின்ன தையல் கடை வைத்திருந்தார். பேண்ட் வெட்டிக் கொடுப்பது, ஜிப் மாற்றுவது. என் சுடிதாரெல்லாம் அங்கேதான் பிடித்துத் தைக்கக் கொடுப்பேன்.

சங்கத்தின் அழைப்பை நான் சொன்னபோது அவர் அந்தச் சொற்பட்டியலை வாங்கி முழுவதும் படித்தார்.

"அப்பா, அம்மா. எல்லாக் குழந்தையும் இப்படித்தான் கத்தும்," என்றார். பிறகு, "என் மனைவியையும் கூப்பிடுகிறார்களா?" என்று கேட்டார்.

"குடும்பத்தோடுதான் வரச் சொன்னார்கள்."

"எனக்கு ராஜாவின் குடும்பப் பெயர், அவளுக்கு ராணியின் குடும்பப் பெயர் என்று சொன்னாயா?"

"அது எனக்கே தெரியாதே."

"சொல். அவளுக்கு முன்வரிசையில் நாற்காலி வேண்டும்."

இதைத் தலைவரிடம் சொன்னதும் அவர் ஆடிப்போய்விட்டார். ராஜாவின் வம்சமும் ராணியின் வம்சமும் ஒரே மேடையில்! வேறு எந்தச் சங்கத்துக்காவது கிடைத்திருக்கிறதா? பெரிய சங்கத்துக்காரர்கள் வயிறெரிந்து சாவார்கள் என்று அவர் வாய்விட்டே சொன்னார். இரண்டாயிரம் வருடத்து ராணி கடல் கடந்துபோய்ச் சேர்ந்ததே இதற்குத்தான் என்பதுபோல் இருந்தது.

விழா ஜனவரியில், ஒரு பள்ளிக்கூடத்துச் சாப்பாட்டுக் கூடத்தில். மதியம் இரண்டு மணிக்கு என்று அச்சடித்திருந்தார்கள். கொரியத் தம்பதி ஒன்றே முக்காலுக்கு வந்துவிட்டார்கள். அவர் கறுப்பு சூட். அந்த அம்மா இளஞ்சிவப்புப் பாவாடையும் வெள்ளை மேல்சட்டையுமாகத் தங்கள் ஊர்ப் பட்டுடையில் வந்திருந்தார். இதற்காகவே இரண்டு வாரம் உட்கார்ந்து தைத்தாராம். அந்த நேரத்தில் கூடத்தில் இருந்தது அவர்கள் இருவர், நான், மச்சான், ஒலிபெருக்கிக்காரர். தலைவர் மூன்று மணிக்கு வந்து, "டிராஃபிக்" என்றார். சனிக்கிழமை மதியம் ரிச்சர்ட்சனில் என்ன டிராஃபிக் என்று தெரியவில்லை.

மேடையின் பின்னால் ஒரு பேனர். "கொரியாவை ஆண்ட தமிழச்சி." அதில் காஞ்சிபுரம் பட்டு கட்டி, தலையில் கொரியக் கிரீடம் வைத்து, கையில் மீன் பொம்மை பிடித்த ஒரு பெண். முகம் யாரோ சினிமா நடிகையினுடையதுபோல இருந்தது. கொரிய அம்மா அதை வெகுநேரம் பார்த்தார்.

"இது யார்?"

"உங்கள் ராணி," என்றேன்.

அவர் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். அந்த அம்மா அவ்வளவு சந்தோஷமாக இருந்து நான் அதற்கு முன்னால் பார்த்ததில்லை.

நாலு நடனம், ஒரு நாடகம், நன்கொடையாளர்களுக்கு நன்றி எல்லாம் முடிந்து ஐந்து மணிக்கு அவர்களை மேடைக்கு அழைத்தார்கள். பொன்னாடை போர்த்தினார்கள். முன்வரிசையில் ஊரிலிருந்து விசிட்டர் விசாவில் வந்திருந்த அம்மாமார்கள் பத்துப் பன்னிரண்டு பேர். அவர்களுக்காக விருந்தினரின் ஆங்கிலப் பேச்சைத் தமிழில் சொல்ல வேண்டியது என் வேலை. தலைவர் என்னை அறிமுகப்படுத்தினார்:

"சிஸ்டர் முஸ்லிமா இருந்தாலும் அருமையா தமிழ் பேசுவாங்க. ஒரு பெரிய கைதட்டல்!"

தட்டினார்கள். மச்சான் கடைசி வரிசையில் தலையைக் குனிந்துகொண்டது எனக்கு மேடையிலிருந்து தெரிந்தது. அந்த நிமிடம்தான், இவர் என்ன சொன்னாலும் ஒரு வார்த்தை கூட்டாமல் குறைக்காமல் சொல்லிவிடுவது என்று முடிவு செய்தேன். என் தமிழ் எவ்வளவு அருமை என்று கேட்கட்டும்.

கொரியர் மைக்கைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு வாக்கியமாகச் சொன்னார். நான் தமிழில் சொன்னேன்.

"நான் கிம்ஹேயில் பிறந்தேன். ராணியின் சமாதி நான் பள்ளிக்கூடம் போகிற வழியில் இருந்தது. நாங்கள் அதன் சரிவில் அட்டை போட்டுச் சறுக்குவோம். காவல்காரர் அடிப்பார்."

கூட்டம் சிரித்தது. தலைவரும் சிரித்தார்.

"எனக்கு ராஜாவின் குடும்பப் பெயர். என் மனைவிக்கு ராணியின் குடும்பப் பெயர். ராணிக்குப் பத்துப் பிள்ளைகள். அவள் ராஜாவிடம் கேட்டாள்: நான் தொலைவிலிருந்து வந்தவள், நான் செத்தால் என் பெயரைச் சொல்ல இந்த நாட்டில் யாருமில்லை. அதனால் ராஜா இரண்டு பிள்ளைகளுக்கு மட்டும் அவள் பெயரைக் கொடுத்தார். அந்த இரண்டு பிள்ளைகளின் வம்சம்தான் என் மனைவி. மற்றப் பிள்ளைகளின் வம்சம் நான்."

தலைவர் முன்வரிசையைப் பார்த்துத் தலையாட்டினார், எல்லாம் தன் ஏற்பாடு என்பதுபோல.

"ஆகையால் நாங்கள் இருவரும் ஒரே தாயின் பிள்ளைகள். எங்கள் ஊரில் இந்த இரண்டு பெயர்க்காரர்களும் கல்யாணம் செய்துகொள்ளக் கூடாது. சட்டம் தடுக்கவில்லை, குடும்பம் தடுக்கும். இரண்டாயிரம் வருடம் ஆனாலும் ரத்தம் ஒன்றுதான் என்றார் என் அப்பா. நாங்கள் செய்துகொண்டோம். பத்தொன்பது வருடமாக என் மனைவி என் அப்பா வீட்டு வாசலைத் தாண்டியதில்லை. எங்கள் குலப் புத்தகத்தில் மருமகள்களின் பெயரை எழுதுவார்கள். இவள் பெயரை எழுதவில்லை. அதனால்தான் டெக்சாஸ் வந்தோம். இன்றைக்கு நீங்கள் இவளை ராணியின் மகள் என்று கூப்பிட்டு முன்னால் உட்காரவைத்தீர்கள். அதற்கு நன்றி."

நான் சொல்லி முடித்தேன். கூடம் அமைதியாக இருந்தது. உருகிப்போய்விட்டார்கள் என்று ஒரு கணம் நினைத்தேன். நான்தான் மடைச்சி.

முன்வரிசையில் பச்சைப் புடவை கட்டியிருந்த அம்மா பக்கத்து அம்மாவிடம் சத்தமாகச் சொன்னார்:

"அப்போ அண்ணன் தங்கச்சி முறையில்ல ஆகுது?"

"அதானே! பங்காளி வீட்டுல பொண்ணெடுத்தா எந்த அப்பன்தான் வீட்டுல சேப்பான்?"

"ரெண்டாயிரம் வருஷமானா என்ன? ரத்தம் ரத்தந்தானே. பெரியவர் சரியாத்தான் சொல்லியிருக்கார்."

"பாவம், பார்த்தா நல்லவங்களாத்தான் தெரியறாங்க. இப்படி முறை தெரியாம பண்ணிட்டாங்களே."

"முறை தெரிஞ்ச குடும்பம்தான்டி. அதான் தமிழ் ரத்தம்னு சொன்னாங்கல்ல!"

இந்தக் கடைசி வாக்கியம் தலைவரின் காதில் விழுந்துவிட்டது. அதுவரை எந்தப் பக்கம் போவதென்று தெரியாமல் விழித்துக்கொண்டிருந்தவர் என் கையிலிருந்த மைக்கை வாங்கினார்.

"பாத்தீங்களா! கடல் தாண்டிப் போனாலும், ரெண்டாயிரம் வருஷம் ஆனாலும், முறை தவறாத பண்பாடு! இது தமிழ்ப் பண்பாடு இல்லாம வேற எது? இதுக்கு மேல என்ன ப்ரூஃப் வேணும்?"

அப்போது எழுந்த கைதட்டல் மாதிரி ஒன்றை அந்தச் சங்கத்தில் நான் அதற்கு முன்னும் கேட்டதில்லை, பின்னும் கேட்டதில்லை. மேடையில் நின்ற இருவரும் அது தங்களுக்கென்று நினைத்து இடுப்பு வளைத்துக் கும்பிட்டார்கள். இரண்டு தடவை. கூட்டம் இன்னும் பலமாகத் தட்டியது.

கொரிய அம்மா என் பக்கம் சாய்ந்து கேட்டார்: "பச்சை உடை அணிந்த அந்த வயதான அம்மா என்னைப் பார்த்து என்ன சொன்னார்?"

"உங்கள் உடை ரொம்ப அழகாக இருக்கிறதாம்," என்றேன்.

ஒரு வார்த்தை கூட்டாமல் குறைக்காமல் சொல்லப் போன லட்சணம் இது. தலைவரைத் திட்ட எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது? அவராவது தன் பெருமைக்காகத் திரித்தார். நான் ஒரு சங்கடத்திலிருந்து தப்பிக்கத் திரித்தேன்.

காரில் நடந்ததைச் சொன்னதும் மச்சான் கேட்டார்: "நீ ஏன்டி அங்கேயே உண்மையச் சொல்லல?"

"அந்தம்மாகிட்ட என்னன்னு சொல்லச் சொல்றீங்க? உங்க மாமனார் பண்ணது சரிதான்னு எங்க ஆளுங்க சொல்றாங்கன்னா?"

மாமன் மகனைக் கட்டிய நான், அத்தை மகளைக் கட்டிய அவர். எங்களுக்கு இரண்டாயிரம் வருடத்துத் தூரம்கூட இல்லை.

திங்கட்கிழமை மதியம் லேபில் கொரியர் டப்பாவைத் திறக்காமல் உட்கார்ந்திருந்தார்.

"என் மனைவி கேட்கச் சொன்னாள். அந்தப் பச்சை உடைக்காரி உண்மையில் என்ன சொன்னாள்?"

"ஏன்?"

"அவள் முகம் என் அம்மாவின் முகம் மாதிரி இருந்ததாம். அந்த முகம் உடையைப் பாராட்டுகிற முகம் இல்லையாம்."

சொல்லிவிட்டேன். எல்லாவற்றையும், தலைவர் மைக்கைப் பிடுங்கிச் சொன்னது உட்பட. அவர் டப்பாவைத் திறந்து மூன்று நான்கு வாய் சாப்பிட்டார்.

"நாங்கள் கும்பிட்டோம்," என்றார்.

"ஆமாம்."

"இரண்டு தடவை." பிறகு, "என் அப்பாவுக்கு உங்கள் சங்கத்தைப் பிடிக்கும். அவரை மெம்பராகச் சேர்த்துக்கொள்ளுங்கள்," என்றார். சிரிப்பதற்காகத்தான் சொன்னார். இருவராலும் சிரிக்க முடியவில்லை.

அதன் பிறகு ஆறு மாதம் அவர் மனைவியின் கடைப் பக்கமே நான் போகவில்லை. பேண்ட் நீளத்தைக் குறைக்க இருபது நிமிடம் ஃப்ரீவேயில் ஓட்டிக்கொண்டு வேறு கடைக்குப் போனேன். ஒருநாள் காய்கறிக் கடையில் நேருக்கு நேர் மாட்டிக்கொண்டேன். அந்த அம்மா என் கால்பக்கம் குனிந்து பார்த்துவிட்டு, "யார் இதை இவ்வளவு மோசமாக மடித்துத் தைத்தது?" என்று கேட்டார். பிறகு சொன்னார்: "அடுத்த முறை சரியாக மொழிபெயர். எனக்குப் பத்தொன்பது வருடப் பழக்கம். நீ கஷ்டப்படாதே."

மறுபடியும் அந்தக் கடைக்கே போக ஆரம்பித்தேன்.

2005-இல் கம்பெனியில் ஆட்குறைப்பு நடந்து, லேபையே மூடினார்கள். அவர் மனைவியின் கடையிலேயே கூடமாட உதவிக்கு உட்கார்ந்துவிட்டார். முப்பது வருடம் மின்சுற்றுச் சோதித்த கை. பட்டன் தைத்தால் சட்டை கிழிந்தாலும் பட்டன் விழாது.

சங்கத்துக்கு நான் அதன் பிறகு போகவில்லை, ஆனால் ஈமெயில் பட்டியலிலிருந்து பெயரை எடுக்கவும் மறந்துவிட்டேன். 2008-இல் ஒரு ஈமெயில் வந்தது. தலைவரும் நான்கு குடும்பங்களும் கொரியாவுக்குப் பண்பாட்டுப் பயணம் போய் வந்திருந்தார்கள். படங்கள் இணைத்திருந்தார்கள். எட்டுப் பேர் ராணியின் புல்மேட்டின் மேலேயே ஏறி நின்று பேனரைப் பிடித்திருந்தார்கள். "நம் குலமகளின் மடியில்" என்று கீழே எழுதியிருந்தது. உள்ளூர் மக்கள் தமிழர்களைக் கண்டதும் உணர்ச்சிவசப்பட்டு ஓடி வந்தார்கள் என்று ஒரு பத்தி.

பொருளாளரின் மனைவியை ஒருநாள் மளிகைக் கடையில் பார்த்தபோது விசாரித்தேன்.

"அய்யோ, அத ஏன் கேக்கறீங்க! வாட்ச்மேன் விசில் ஊதிட்டு ஓடி வந்தான். எறங்கு எறங்குன்னு கத்தறான். இவரு அவனுக்கும் பொன்னாடை போத்தப் போயிட்டாரு."

உறவு கொண்டாட வேறு இடம் கிடைக்கவில்லை, புதைத்த இடத்தின் மேலேயே ஏறி நின்றிருக்கிறார்கள். எங்கள் கீழக்கரையில் எவனாவது கபுர் மேல் ஏறி நின்றால் விசிலோடு விடமாட்டார்கள்.

அடுத்த வருடம், 2009 வசந்தத்தில், தையல் கடை இரண்டு வாரம் பூட்டியிருந்தது. திறந்ததும் நான் என் மகளைக் கூட்டிக்கொண்டு போனேன். பள்ளி நிகழ்ச்சிக்கு வாங்கிய அவள் கவுன் தரையைப் பெருக்கிக்கொண்டிருந்தது. கொரியர் உள்ளே தேய்த்துக்கொண்டிருந்தார். அந்த அம்மா மகளை ஒரு சின்னப் பலகை மேல் ஏற்றி நிறுத்தி, சுற்றிலும் ஊசி குத்திக்கொண்டே சொன்னார்.

மாமனாருக்கு உடம்பு முடியவில்லை என்று தகவல் வந்து, இருவரும் பிள்ளைகளோடு கிம்ஹே போயிருந்தார்கள். இருபத்து நான்கு வருடத்தில் முதல் முறையாக அந்த அம்மா அந்த வீட்டு வாசலைத் தாண்டினார். கிழவர் படுக்கையிலிருந்தபடியே இவரைப் பார்த்தார். உட்காரச் சொன்னார். கஞ்சி குடித்தாயா என்று கேட்டார். பிறகு, குலப் புத்தகத்தைப் புதிதாக அச்சடிக்கப் போகிறார்கள், அதில் உன் பெயரை எழுதச் சொல்லிவிட்டேன் என்றார்.

"நான் அழுதுவிட்டேன்," என்றார் அந்த அம்மா. "பிறகு என் கொழுந்தன் காகிதத்தைக் காட்டினான். என் பெயர் சரியாக இருந்தது. குடும்பப் பெயரை மாற்றி எழுதியிருந்தார்கள். எங்கோ வடக்கே இருக்கும் வேறொரு குடும்பத்தின் பெயர். இப்படி எழுதினால் முறையில் தப்பில்லையாம். யாருக்கும் கெட்ட பெயர் இல்லையாம்."

"அவர் என்ன சொன்னார்?" நான் உள்ளே பார்த்தேன்.

"அவர் சம்மதம் என்றார். அவர் அப்பா சாகக் கிடக்கிறார். வேறு என்ன சொல்வார்?"

இஸ்திரிப் பெட்டியின் சத்தம் ஒரு கணம் நின்று மறுபடி தொடர்ந்தது.

"நீங்கள்?"

"நான் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு ராணியிடம் போனேன். நடந்து போகிற தூரம்தான். ராஜா ஒரு பக்கம் படுத்திருக்கிறார், அவள் தனியாக ஒரு பக்கம். புல் புதிதாக வெட்டியிருந்தார்கள். அந்தப் பெண் பதினாறு வயதில் கப்பலேறி வந்து, பத்துப் பிள்ளை பெற்று, கிழவியான பிறகு ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். என் பெயர் போய்விடக் கூடாது என்று. அதற்கு ராஜாவே சரி என்றார். இப்போது அதே பெயரை அடித்துவிட்டு என்னை எழுதுகிறார்களாம்."

"பிறகு?"

"திரும்பி வந்து, எழுத வேண்டாம் என்று சொன்னேன். மாமனார் முகத்தைத் திருப்பிக்கொண்டார். நாங்கள் கிளம்பி வந்த நான்காவது நாள் இறந்துவிட்டார்."

ஆறுதல் சொல்லலாமா, நீங்கள் செய்தது சரி என்று சொல்லலாமா. எதைச் சொன்னாலும் அந்தக் கூடத்தில் கைதட்டியவர்களோடு நானும் சேர்ந்து தட்டுவதுபோல் இருக்கும் என்று தோன்றியது.

"மம்மி, ஆர் வி டன்?" என்றாள் மகள்.

அந்த அம்மா உதட்டில் கவ்வியிருந்த கடைசி ஊசியை எடுத்துக் கவுனின் விளிம்பில் குத்தினார். இரண்டடி பின்னால் போய் நின்று, கண்ணைச் சுருக்கி, சுற்றளவு முழுவதும் சமமாக இருக்கிறதா என்று பார்த்தார். பிறகு மகளிடம், "திரும்பி நில்," என்றார்.